பரங்கிமலையில் தொடங்கிய பயணம்: மலைகளை அளந்த வில்லியம் லாம்டன்

நன்னூல் பாடம் நடத்தும்போது ஆசிரியர் இலக்கணத்தில் ஓரிடத்தில் நாம் சற்றே நின்று செல்வது வழக்கம். நல்லாசிரியர்க்கு நிலம், மலை, நிறைகோல், மலர் என்னும் நான்கினை உவமை கூறும் பவணந்தி முனிவர், மலைக்குரிய பண்புகளை அடுக்குமிடத்து, அளந்து காண இயலாத அதன் அளவினையே முதற்கண் வைக்கின்றார். அப்போது மாணவர் ஒருவர் எழுந்து ஐயம் எழுப்புவதுண்டு. எவரெஸ்ட் சிகரத்தின் உயரம் 8,848 மீட்டர் என்று புவியியல் நூல் கூறுகிறதே, அளக்க முடியாதது எப்படி அளக்கப்பட்டது என்பது அவ்வையம். நல்ல ஐயம்தான். அதற்குரிய விடை நேபாளத்தில் தொடங்கவில்லை. இமயத்தின் அடிவாரத்திலும் தொடங்கவில்லை. நம் சென்னைக்கு அருகிலுள்ள பரங்கிமலையில், 1802ஆம் ஆண்டின் கோடை வெயிலில் தொடங்குகிறது. அதனைத் தொடங்கி வைத்தவர் வில்லியம் லாம்டன் என்னும் ஆங்கிலேயப் படை அதிகாரி. அவரது வாழ்வினை மாணவச் செல்வங்களுக்கும் சமுதாயப் பெரியோர்களுக்கும் எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

நம் மாணவர் பலர் திருப்பெரும்புதூர், ஒரகடம் தொழிற்சாலைப் பகுதியின் சிற்றூர்களிலிருந்து வருகின்றனர். படித்து முடித்தபின் அங்குள்ள ஆலைகளுக்கே பணிக்குச் செல்வோரும் உளர். ஏரிகளும் வயல்களும் நிறைந்திருந்த அச்சமவெளியில் இன்று மகிழுந்துகளும் அவற்றின் உதிரிப் பாகங்களும் உருவாகின்றன. ஒரகடத்திலிருந்து படப்பை வழியாக வண்டலூருக்கு வந்து, வடக்கே திரும்பித் தாம்பரம், பல்லாவரம் கடந்து செல்வோர் இருமருங்கும் சில குன்றுகளைக் காண்பர். வண்டலூர்க் குன்று, திரிசூலம், பல்லாவரத்துக் குன்றுகள், முடிவில் பரங்கிமலை. இவற்றை மலை என்று கூறவே நாணுவோம். பரங்கிமலையின் உயரம் 300 அடி அளவுதான். ஆயினும் இக்குன்றுகளின் பாறை சார்னோகைட் எனப்படும் பழம்பாறை வகையாகும். கல்கத்தாவில் உள்ள ஜாப் சார்னாக் என்பாரின் கல்லறைக் கல் இவ்வகையினது ஆதலின், தாமஸ் ஹாலந்து என்னும் நிலவியலறிஞர் 1893இல் அப்பெயரை இட்டார். இப்பாறையின் அகவை 250 கோடி ஆண்டுகள் அளவினதாம். இந்திய நிலத்தட்டு வடக்கே நகர்ந்து ஆசியப் பெருநிலத்தோடு மோதியதால் இமயம் எழத் தொடங்கியதோ ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன்னர்தான். நம் பரங்கிமலைக்கு முன் இமயம் நேற்றுப் பிறந்த குழந்தை என்க. அக்குழந்தையை அளக்கும் கோலினைக் கிழவி ஒருத்தி எடுத்துக் கொடுத்தாற்போல் இவ்வரலாறு அமைந்திருக்கிறது.

இளமையும் இழந்த கண்ணும்

லாம்டன் இங்கிலாந்தில் யார்க்ஷயர்ப் பகுதியின் சிற்றூர் ஒன்றில், 1750களின் நடுவில், எளிய குடும்பமொன்றில் பிறந்தார். அவருக்கு வாய்த்திருந்த செல்வம் கணித அறிவு ஒன்றே. 1781இல் படையில் சேர்ந்து, அமெரிக்க விடுதலைப் போரில் ஆங்கிலேயர் தோல்வியுற்ற யார்க்டவுனில் சிறைப்பட்டார். விடுதலை பெற்றபின், இன்றைய கனடாவின் நியூ பிரன்ஸ்விக் பகுதியில் படைவீடுகளைக் கண்காணிக்கும் சிறு பதவியில் பத்தாண்டுகளுக்கு மேல் கழித்தார். அக்காலத்தில் கதிரவ மறைப்பு ஒன்றைத் தக்க காப்பின்றி உற்று நோக்கியதால் ஒரு கண்ணின் பார்வை பழுதுபட்டது. பின்னாளில் இந்திய நிலப்பரப்பின் பெரும்பகுதியைத் தொலைநோக்கி வழியே கண்டவர் எஞ்சிய ஒரு கண்ணாலேயே கண்டார் என்பதை நாம் மறந்துவிடலாகாது. ஏறத்தாழ நாற்பது அகவை வரை அவரைக் குறித்துச் சொல்லத்தக்க செய்தி வேறொன்றும் இல்லை. பிறர் ஓய்வை எண்ணத் தொடங்கும் பருவத்தில் அவர் இந்தியாவுக்குக் கப்பல் ஏறினார்.

இந்தியாவில் அவர் பணியாற்றிய 33ஆம் படைப்பிரிவு ஆர்தர் வெல்லெஸ்லியின் தலைமையில் இருந்தது. 1799இல் அப்படை மைசூருக்குச் சென்றது. நம் நெஞ்சைச் சற்றே உறுத்தும் இடம் இதுதான். அவ்வாண்டு மே 4ஆம் நாள் சீரங்கப்பட்டணத்தின் கோட்டை வாயிலருகே தீரர் திப்பு சுல்தான் வீரமரணம் எய்தினார். அவரை எதிர்த்து வந்த படையில் லாம்டனும் ஒருவர். முற்றுகைக்கு முன்னர், ஓரிரவு, தளபதி பெயர்டு படையொன்றை நடத்திச் சென்றார். விண்மீன்களை நோக்கிய லாம்டன், படை தன் பாசறைக்குத் திரும்புவதற்கு மாறாகச் சுல்தானின் படையை நோக்கியே சென்றுகொண்டிருப்பதை உணர்ந்து எடுத்துரைத்தார். முதலில் சினந்த பெயர்டு, பின்னர்த் திசைகாட்டியைப் பார்த்து உண்மையறிந்து படையைத் திருப்பினார்.

இந்தப் பெயர்டு நம் பகுதிக்குப் புதியவர் அல்லர். 1780 செப்டம்பர் 10ஆம் நாள், காஞ்சிபுரத்தை அடுத்த புள்ளலூரில், ஹைதர் அலியும் திப்புவும் கர்னல் பெய்லியின் படையை முறியடித்தபோது, படுகாயமுற்றுச் சிறைப்பட்டு, மூன்றரை ஆண்டுகளுக்கு மேல் சீரங்கப்பட்டணச் சிறையில் கிடந்தவர் அவர். திருப்பெரும்புதூரிலிருந்து புள்ளலூர் தொலைவில் இல்லை. அன்று நம் ஏரிக்கரைகளில் பீரங்கி முழங்கியது. இருபத்திரண்டு ஆண்டுகள் கழித்து அதே சமவெளியை முக்கோணங்களாகப் பகுத்து அளக்க வந்தார் லாம்டன். அளவை எனும் கலை வெற்றி பெற்ற அரசின் கைக்கருவியாகவே இங்கு நுழைந்தது. வென்ற நாட்டின் பரப்பை அறியவும், படை செல்ல வழி காணவும், வரி விதிக்கவும் கும்பினியார்க்கு வரைபடம் வேண்டியிருந்தது. இதனை மறைத்து லாம்டனைப் புகழ நாம் ஒருப்படோம். அதே வேளையில், பகைவன் படையில் இருந்தவர் என்பதால் அவர் கண்ட உண்மையைப் புறக்கணிப்பதும் நமக்கு உடன்பாடன்று. அறிவு எங்கிருப்பினும் அதனைத் தேடிக் கொள்ளும் மரபில் வந்தவர்கள் நாம்.

நிலவுருண்டையின் வடிவம்

சென்னை ஆளுநராயிருந்த எட்வர்டு கிளைவிடம் லாம்டன் அளித்த திட்டம், நாட்டின் ஊர்களையும் ஆறுகளையும் குறிப்பதோடு நிற்கவில்லை. கோரமண்டலக் கரையிலிருந்து மேற்குக்கரை வரை துல்லியமான முக்கோணங்களால் பின்னி, அத்துடன் வடக்குத் தெற்காக நெடுங்கோடு ஒன்றின் வழியே ஒரு பாகையின் நீளத்தை அளந்து, நிலவுலகின் உண்மையான வடிவத்தைக் காண வேண்டும் என்பது அவரது வேட்கை. நிலவுலகம் நடுவில் பருத்துத் துருவங்களில் சற்றே தட்டையாக இருக்கிறது என்பது நியூட்டன் காலந்தொட்டு அறியப்பட்டது. எவ்வளவு தட்டை என்பதே வினா.

இவ்வினாவிற்கும் இஸ்லாமிய நாகரிகத்திற்கும் உள்ள தொடர்பை நம் மாணவர்கள் அறிந்திருக்க வேண்டும். ஒன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் பக்தாதில் ஆட்சி புரிந்த கலீஃபா மஃமூன், சிஞ்சார்ச் சமவெளிக்கு அறிஞர் குழுவினை அனுப்பி, ஒரு பாகையின் நீளத்தை நிலத்தில் அளக்கச் செய்தார். பதினோராம் நூற்றாண்டில் அபூ ரைஹான் அல்பிரூனி, இன்றைய பாகிஸ்தானின் பஞ்சாபில் உள்ள நந்தனா என்னும் கோட்டையருகே, மலையொன்றின் உயரத்தை முதலில் கணித்து, பின் அதன் உச்சியில் நின்று அடிவானம் எவ்வளவு தாழ்ந்து தோன்றுகிறது என்பதைக் கோணத்தால் அளந்து, உலகின் ஆரத்தை உண்மைக்கு மிக அணுக்கமாகக் கண்டார். பாலைவெளியில் நெடுந்தொலைவு நடந்து இளைப்பதைவிட இவ்வழி எளிது என்பது அவர் கருத்து. மலையைக் கொண்டு உலகை அளந்தவர் அல்பிரூனி. உலகை அளக்கப் புகுந்து அதன் வழியே மலைகளை அளக்க வழி வகுத்தவர் லாம்டன்.

ஐரோப்பியரும் வாளாவிருக்கவில்லை. 1735இல் பிரெஞ்சு அறிஞர் குழுவொன்று தென்னமெரிக்காவுக்குச் சென்று, இன்றைய ஈக்வடாரின் ஆண்டிஸ் மலைத்தொடரில் நிலநடுக்கோட்டருகே பாகை அளந்தது. அங்குள்ள சிம்பராசோ சிகரமே உலகின் மிக உயர்ந்த மலை என்று அக்காலத்தார் நம்பினர். இமயம் அவர்கள் கணக்கில் இடம்பெறவே இல்லை.

சங்கிலியும் கோடையும்

முக்கோண அளவையின் நெறி எளியது. முக்கோணத்தின் ஒரு பக்கத்தின் நீளமும் அதன் இரு முனைகளிலுள்ள கோணங்களும் தெரிந்தால் எஞ்சிய இரு பக்கங்களையும் கணக்கினாலேயே பெறலாம். அப்பக்கங்களுள் ஒன்றை அடியாகக் கொண்டு அடுத்த முக்கோணம், அதிலிருந்து மற்றொன்று. மலையுச்சியை ஏறிச்சென்று தொட வேண்டுவதில்லை, கண்ணுக்குத் தெரிந்தால் போதும். ஆயின் முதல் முக்கோணத்தின் அடிக்கோட்டை மட்டும் நிலத்தில் கையால் அளந்தாக வேண்டும். அதில் மயிரிழை பிழைத்தாலும், முக்கோணம் பெருகப் பெருகப் பிழையும் பெருகும்.

அந்த அடிக்கோட்டைப் பரங்கிமலை அருகிலிருந்து தெற்கே பெரும்பாக்கம் குன்றருகு வரை, ஏழரை மைல் நீளத்திற்கு லாம்டன் அமைத்தார். 1802 ஏப்ரல் 10ஆம் நாள் தொடங்கிய பணி மே 22இல் முடிந்தது. அக்கினி வெயிலில், நிழலற்ற வெளியில், நம் ஊரார் வீட்டுத் திண்ணையை விட்டிறங்க அஞ்சும் நாள்களில் இது நடந்தது. கருவியோ 100 அடி நீளமுள்ள எஃகுச் சங்கிலி. இரண்டரை அடி நீளமுள்ள 40 கண்ணிகளால் ஆனது. இச்சங்கிலிக்கும் ஒரு கதை உண்டு. சீனப் பேரரசருக்குப் பரிசளிப்பதற்காக மக்கார்ட்னி பிரபுவின் தூதுக்குழு அதனைக் கொண்டு சென்றது. பேரரசர் அதை ஏற்கவில்லை. ஒருவர் வேண்டாவெனத் தள்ளிய பொருள் கல்கத்தா வந்து, அங்கிருந்து சென்னை வந்து, ஒரு நாட்டையே அளந்தது!

சங்கிலியை வெறுந்தரையில் இழுத்தால் மேடுபள்ளத்தில் நீளம் மாறுபடும். ஆதலின் மரத்தொட்டிகளைத் தாங்குகால்கள் மேல் மட்டமாக நிறுத்தி, அவற்றினுள் சங்கிலியைக் கிடத்தி, வெயில் படாமல் மேலே கூடாரத் துணி விரித்து, ஒவ்வொரு தொட்டியிலும் வெப்பமானி வைத்து அளந்தனர். வெப்பத்தால் எஃகு நீளும் என்பதைத் தொழிற்சாலை செல்லும் நம் மாணவர்க்குச் சொல்லித் தர வேண்டுவதில்லை. இன்றும் துல்லிய அளவறைகளில் வெப்பநிலையை 20 பாகை செல்சியஸில் நிலைநிறுத்துகின்றனர். குளிர்பதனம் இல்லாத காலத்தில் லாம்டன் என் செய்வார்? வெப்பத்தை மாற்ற முடியாது. குறித்து வைத்துக் கணக்கில் கழிக்க முடியும். நாமே கணக்கிட்டுப் பார்த்தோம். வெப்பம் 10 பாகை செல்சியஸ் கூடினால் 100 அடி எஃகுச் சங்கிலி ஏறத்தாழ 3.5 மில்லிமீட்டர் நீளும். அற்பம் என்று விட்டுவிடலாம். ஆனால் அதே சங்கிலியை நானூறு முறை எடுத்து வைக்கும்போது பிழை ஒன்றரை மீட்டரை நெருங்கிவிடும். அவ்வாறு நானூறு முறைதான் வைத்தார்கள். அளந்து கண்ட நீளம் 40,006 அடிக்குச் சற்று மேல். அதற்குப் பின்னும் அங்குலத்தின் நுண்பகுதிகளை அவர் எழுதி வைத்திருக்கிறார்.

இப்பணி முடிந்து ஒரு திங்கள் கழித்து, 1802 ஜூன் 23ஆம் நாள், உலகின் மறுகோடியில், ஜெர்மானிய அறிஞர் அலெக்சாந்தர் ஃபான் ஹும்போல்ட் சிம்பராசோ மலையில் ஏறினார். உச்சியை எட்ட இயலவில்லை எனினும், உலகிலேயே உயர்ந்த மலையில் மனிதர் எவரும் ஏறாத உயரத்திற்கு ஏறியவர் என்று ஐரோப்பா அவரைக் கொண்டாடிற்று. அவ்வேளையில் பரங்கிமலையடியில் சங்கிலியைச் சுருட்டிக் கொண்டிருந்த லாம்டனை எவரும் பொருட்படுத்தவில்லை. சிம்பராசோவின் முதலிடத்தைப் பறிக்கப் போகும் வேலை இங்கேதான் தொடங்கிவிட்டது என்பதை அன்று இருவருமே அறியார். மேலும் ஒரு நுட்பம். 6,263 மீட்டர் உயரமுள்ள சிம்பராசோ, கடல்மட்டத்திலிருந்து கணக்கிட்டால் இமயச் சிகரங்கள் பலவற்றிற்குத் தாழ்ந்ததே. ஆனால் நிலவுலகின் மையத்திலிருந்து அளந்தால் எவரெஸ்டை விட இரண்டு கிலோமீட்டர் அளவுக்கு விஞ்சி நிற்கிறது. நிலநடுக்கோட்டருகே நிலவுலகம் பருத்திருப்பதே காரணம். லாம்டன் தேடியதும் அப்பருமனின் அளவைத்தான்.

தஞ்சையில் நேர்ந்தது

கோணம் அளக்க இலண்டனில் செய்வித்த மாபெரும் தியோடலைட்டுக் கருவி அரை டன் எடையுள்ளது. அது வந்த கப்பலைப் பிரெஞ்சுக்காரர் கைப்பற்றி மொரீசியசுக்குக் கொண்டு சென்றனர். அறிவியற் கருவி என அறிந்ததும் பிரெஞ்சு ஆளுநர் அதனை மதிப்புடன் சென்னைக்கு அனுப்பி வைத்தார். போரிடும் நாடுகளிடையே இத்தகைய பெருந்தன்மையும் இருந்தது.

அக்கருவியைக் கலாசிகள் தோளில் சுமந்து குன்றுகள்தோறும் ஏற்றினர். முக்கோணங்கள் கிழக்கிலிருந்து மேற்காக நகர்ந்தன. 1804இல் பெங்களூரில் மற்றொரு அடிக்கோட்டை அளந்து சரிபார்த்தபோது, சென்னையிலிருந்து கணக்கிட்டு வந்த நீளத்திற்கும் நிலத்தில் அளந்த நீளத்திற்கும் இடையே இருந்த வேறுபாடு நான்கு அங்குலத்திற்கும் குறைவு. கிழக்குத் தொடர்ச்சி மலையின் சிதறிய குன்றுகளையும், அரணென நிற்கும் மேற்குத் தொடர்ச்சி மலையையும் கடந்து அரபிக் கடற்கரையை எட்டியபோது, தீபகற்பத்தின் அகலம் பழைய வரைபடங்கள் காட்டிய 400 மைல் அன்று, 360 மைலே என்பது புலனாயிற்று. நாற்பது மைல் நிலம் தாளில் மட்டுமே இருந்திருக்கிறது.

சோழ நாட்டிற்கு வந்ததும் தொல்லை பிறந்தது. குன்றென்று ஒன்றும் இல்லாத சமவெளி. எங்கும் தென்னையும் பனையும் கண்ணை மறைக்கும். கோயிற் கோபுரங்களே குன்றுகளாயின. 1808இல் தஞ்சைப் பெருவுடையார் கோயிலின் உச்சிக்குத் தியோடலைட்டைக் கயிறு கட்டி ஏற்றுகையில் கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதி, அதன் வட்டம் நெளிந்தது. இலண்டனுக்கு எழுதிப் புதிய கருவி வருவிக்க ஆண்டுகள் ஆகும். ஐம்பது அகவை கடந்த லாம்டன் கூடாரத்தினுள் புகுந்துகொண்டார். பாகங்களைக் கழற்றிப் பிரித்து, நெளிந்த வட்டத்தைச் சிறுகச் சிறுகத் தட்டி நிமிர்த்திப் பழைய வடிவிற்குக் கொணர்ந்தார். வாரக்கணக்கில் நிகழ்ந்தது அவ்வேலை. அதே கருவியைக் கொண்டே அளவை தொடர்ந்தது. லாம்டனின் பெருமை அவரது கணிதத்தில் இருப்பதாகப் பலர் கூறுவர். நாம் அக்கூடாரத்தில் இருப்பதாகவே கருதுகிறோம்.

கோபுரத்தின் மேல் நின்று தொலைநோக்கியில் பார்ப்பதை ஊரார் ஐயுற்றதும் உண்டு. அக்குழலில் உருவங்கள் தலைகீழாகத் தெரியும் என்றும், அதனால் வீட்டிலுள்ள பெண்டிரின் மானத்திற்கு இழுக்கு என்றும் அஞ்சினர். ஆளவந்தவர்களிடம் குடிமக்கள் கொண்ட ஐயம் முற்றிலும் அடிப்படையற்றது எனத் தள்ளிவிட முடியுமா?

மலைக்கு வேர் உண்டா?

மலை நூலுக்கு லாம்டனின் பணி தந்த கொடைகளுள் உயரக் கணக்கினும் ஆழ்ந்தது ஒன்றுண்டு. கொத்தனார் சுவர் எழுப்புகையில் தூக்குக்குண்டைத் தொங்கவிடுவார். அது நிலவுலகின் மையம் நோக்கி நேராகத் தொங்கும் என்பது அவர் நம்பிக்கை. அருகே பெருமலை இருப்பின் அதன் ஈர்ப்பால் குண்டு மலைப்பக்கம் இம்மியளவு சாயும். ஆண்டிஸில் பிரெஞ்சுக்காரர் இதனைச் சிம்பராசோ அருகே 1738இல் சோதித்தனர். லாம்டனோ தென்னிந்தியாவில், பெருமலை இல்லாத இடங்களிலும் தம் அளவைக்கும் விண்மீன் நோக்கிப் பெற்ற கணக்கிற்கும் இடையே சிறு முரண்களைக் கண்டார். தம் பிழை என அவற்றை மூடி மறைக்கவில்லை. நிலத்தினடியிலுள்ள பாறைகளின் அடர்த்தி வேறுபாட்டால் தூக்குநூல் சாய்கிறது எனக் கருதினார்.

அந்நெடுங்கோடு வடக்கே இமயத்தை அணுகியபோது முரண் பெரிதாயிற்று. கலியானா, கலியான்பூர் என்னும் இரு நிலையங்களுக்கு இடையே இருவகை அளவைகளும் ஐந்து விகலைக்குச் சற்று மேல் வேறுபட்டன. நிலத்தில் அது 160 மீட்டர் அளவு. கல்கத்தாவில் கிறித்தவத் திருச்சபைப் பதவி வகித்த கணித வல்லுநர் பிராட் என்பார், இமயத்தின் பருமனைக் கணித்து, ஈர்ப்பினால் குண்டு ஏறத்தாழ 15 விகலை சாய்ந்திருக்க வேண்டும் என்றார். அத்துணைப் பெரிய மலை எதிர்பார்த்ததில் மூன்றிலொரு பங்கே ஈர்த்திருக்கிறது! இப்புதிருக்கு 1855இல் ஆங்கிலேய வானியலறிஞர் ஏரி ஒரு விளக்கம் தந்தார். நீரில் மிதக்கும் பனிப்பாறை மேலே தெரிவதினும் கீழே பன்மடங்கு ஆழ்ந்திருப்பதுபோல், மலையும் அடர்த்தி குறைந்த பாறையாலான வேரினை ஆழத்தில் கொண்டுள்ளது என்பது அவ்விளக்கம். ஆல்ப்ஸ், ஆண்டிஸ், இமயம் ஆகிய பெருந்தொடர்கள் அனைத்தின் அடியிலும் இத்தகைய ஆழ்வேர் இருப்பதைப் பிற்கால ஆய்வுகள் காட்டின.

திருமறையின் அந்நபஃ அத்தியாயம் மலைகளை முளைகளுக்கு ஒப்பிடுவதை அறிந்த நம் வாசகர்க்கு இங்கே ஒரு சிலிர்ப்பு ஏற்படுதல் இயல்பே. எனினும் இறைவாக்கினை ஆண்டுதோறும் திருத்தப்படும் அறிவியற் கோட்பாட்டோடு முடிச்சிட்டு மெய்ப்பிக்க முயல்வதை நாம் விரும்புவதில்லை. மலைகளை நோக்கிச் சிந்திக்குமாறு பணிக்கப்பட்ட சமுதாயம், நோக்கவும் சிந்திக்கவும் செய்தால் அதுவே போதும்.

கடைசிப் பாசறை

1809 அளவில் கன்னியாகுமரியை அண்மிய தென்கோடி வரை சென்ற அளவை, பின்னர் நிசாமின் ஐதராபாத்து நிலப்பகுதிக்குள் நுழைந்தது. 1817இல் இலண்டன் அரச கழகம் லாம்டனை உறுப்பினராக ஏற்றது. 1818இல் இப்பணி மாபெரும் முக்கோண நில அளவை என்னும் பெயரோடு தலைமை ஆளுநரின் நேரடிப் பொறுப்பிற்கு வந்தது. அவ்வாண்டே உதவியாளராக வந்து சேர்ந்தவர் ஜார்ஜ் எவரெஸ்ட். காடுகளில் காய்ச்சல் கொள்ளை கொண்டது. கொடி பிடித்தவரும், விளக்கேற்றியவரும், கருவி சுமந்தவரும் நூற்றுக்கணக்கில் நோயுற்றனர்; பலர் மாண்டனர். ஆங்கிலேய அதிகாரிகளின் பெயரைப் பதிவேடுகள் காத்து வைத்திருக்கின்றன. மாண்ட லஸ்கர்களும் கலாசிகளும் எண்ணிக்கையாகவே எஞ்சினர்.

எழுபதை எட்டிய பருவத்தில், இருமலால் மெலிந்த நிலையிலும், பாசறையை வடக்கே நாகபுரி நோக்கி நகர்த்தினார் லாம்டன். வழியில், இன்றைய மகாராட்டிர மாநிலத்து வார்தா மாவட்டத்தின் இங்கன்காட்டில், 1823 ஜனவரி 20ஆம் நாள் உயிர் நீத்தார். இமயத்தை அவர் கண்டதில்லை.

அவர் விட்ட இடத்திலிருந்து எவரெஸ்ட் தொடர்ந்து, 1841இல் இமய அடிவாரத்தில் முசூரி அருகே அந்நெடுங்கோட்டை முடித்தார். குமரியிலிருந்து ஏறத்தாழ 2,400 கிலோமீட்டர். அவருடைய கருவிகளைப் பழுது நீக்கிச் செம்மை செய்தவருள் தலைசிறந்தவர் நம் ஆர்க்காட்டைச் சேர்ந்த சையித் மீர் மொஹ்சின் ஹுசைன் ஆவார். சென்னையில் நகை, கடிகார வேலை செய்து வந்த அவரது கைத்திறனைக் கண்டு அளவைத் துறைக்கு அழைத்துச் சென்றனர். இங்கிலாந்திலிருந்து வரவழைக்கப்பட்ட கருவி வல்லுநர் விலகிய பின், அவ்விடத்தில் கணிதக் கருவிகள் செய்யும் பொறுப்பு மொஹ்சினுக்கு வந்தது. ஆர்க்காட்டிலிருந்து சென்னைக்கு வரும் பழஞ்சாலை திருப்பெரும்புதூர் வழியாகவே செல்கிறது. எவரெஸ்டின் பெயரை அறிந்த நம் பிள்ளைகள் அச்சாலையில் வந்த இவரது பெயரை அறியாதிருப்பது நமக்குக் குறையே.

பின்வந்தவர்களின் கதையைச் சுருங்கக் கூறுவோம். தவளகிரி 26,000 அடிக்கு மேல் உயர்ந்தது என 1810ஐ ஒட்டிய ஆண்டுகளில் வெப் என்னும் அதிகாரி கணித்தபோது ஐரோப்பிய அறிஞர் நம்ப மறுத்தனர். நேபாளத்திற்குள் நுழைய அனுமதியில்லாமையால், 1840களின் இறுதியில் சமவெளி நிலையங்களிலிருந்தே, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தொலைவில் தெரிந்த சிகரங்களின் கோணங்களை எடுத்தனர். பதினைந்தாம் எண் சிகரமே யாவற்றினும் உயர்ந்தது என்பது 1852 அளவில் தெளிவாயிற்று. அக்கணக்கில் பெரும்பங்கு வங்காளத்தின் ராதாநாத் சிக்தாருடையது. 1856இல் அறிவிக்கப்பட்ட உயரம் 29,002 அடி. 2020இல் நேபாளமும் சீனமும் இணைந்து அறிவித்தது 8,848.86 மீட்டர். செயற்கைக்கோள் இல்லாத காலத்துக் கணக்கு பத்து மீட்டருக்குள் வந்துவிட்டது. திபெத்தியர் சோமோலுங்மா என்றழைத்த அச்சிகரத்திற்கு 1865இல் எவரெஸ்டின் பெயர் நிலைத்தது. நாட்டு மக்கள் நாவில் தம் பெயர் நுழையாது என்று எவரெஸ்டே தயங்கினார். அவர் தம் பெயரை ஈவ்ரெஸ்ட் என்று ஒலித்தவர் ஆதலின், உலகம் இன்றும் அதைப் பிழையாகவே ஒலிக்கிறது.

சேரன் செங்குட்டுவன் இமயத்திலிருந்து கல் கொணர்ந்த கதையைச் சிலப்பதிகாரம் கூறக் கேட்டவர்கள் நாம். இங்கிருந்து இமயத்திற்கு ஓர் அளவுகோல் சென்ற கதையும் நம் மண்ணுக்கு உரியதே. லாம்டன் பெயரால் உலகின் பெருமலை எதுவும் வழங்கவில்லை. பரங்கிமலை மேல் அவரது மார்பளவுச் சிலை ஒன்று இருக்கிறது. தேவாலயத்திற்கு வருவோருள் சிலர் அதன்முன் நின்று பெயரைப் படித்துவிட்டு நகர்கின்றனர். கீழே மீனம்பாக்கத்தில் வானூர்திகள் இறங்குகின்றன. தெற்கே பெரும்பாக்கம் இருக்கும் திசையில் அடுக்குமாடிக் குடியிருப்புகள் நெருங்கி எழுந்துவிட்டன. அடிக்கோட்டின் மறுமுனையை அவை மறைத்து நிற்கின்றன.